ஷைலி நியோவா, பிவோனா நியோவா? குறைமாதக் குழந்தைக்கான ட்ரக்கியாஸ்டமி ட்யூப்களும் துணைக் கருவிகளும்: ஒரு மதிப்பீடு

கழுத்தில் துளையிட்டு நேரே மூச்சுக்குழாய்க்குள் வைக்கும் ட்ரக்கியாஸ்டமி ட்யூப்பின் பெட்டியில் பெரிதாக அச்சிட்டிருக்கும் எண் அதன் உள்விட்டம். 3.0 என்றால் உட்புறம் 3 மி.மீ. பெரியவர்களுக்கு வாங்கும்போது அந்த எண்ணைப் பார்த்தாலே பாதி வேலை முடிந்துவிடும். குறைமாதத்தில் பிறந்து, இரண்டு இரண்டரைக் கிலோ எடையில் ட்ரக்கியாஸ்டமி வைக்கப்பட்ட குழந்தைக்கு அது போதாது. ட்யூப்பின் நீளம் என்ன, கழுத்தில் படியும் தகடு எந்த வடிவம், வெண்டிலேட்டர் மாட்டும் முனை தாடைக்கு எவ்வளவு பக்கத்தில் வருகிறது என்ற மூன்று கேள்விகளும் விட்டத்துக்குச் சமமாக முக்கியம். இவற்றில் ஒன்றைக் கவனிக்காமல் விட்டால் ட்யூப் கழன்றுவிடும், அல்லது கழுத்து புண்ணாகும், அல்லது உள்ளே சதை வளரும்.

இந்தச் சிறிய அளவுகளில் அதிகம் புழங்கும் இரண்டு வரிசைகளை இங்கே எடுத்துக்கொள்கிறோம்: பிவிசியால் ஆன ஷைலி, சிலிக்கானால் ஆன பிவோனா. கூடவே சளியை உறிஞ்சும் குழாயான சக்ஷன் கதீட்டர், கழுத்துப் பட்டை, ஈரப்பதக் கருவி, அவசரப் பை. எந்த ட்யூப் என்று முடிவெடுப்பவர்கள் காது மூக்கு தொண்டை அறுவை மருத்துவரும் பச்சிளங்குழந்தை மருத்துவரும்தான். ஆனாலும் தினமும் அந்த ட்யூப்போடு வாழப்போவது செவிலியரும் பெற்றோரும். அவர்களுக்கு அதன் குணம் தெரிந்திருக்க வேண்டும்.

எந்தக் குழந்தை, எந்தத் தேவை

குறைமாதக் குழந்தைக்கு ட்ரக்கியாஸ்டமி வைப்பதற்குப் பெரும்பாலும் மூன்று காரணங்கள். ஒன்று, நுரையீரல் முதிராமல் பிறந்து மாதக்கணக்கில் வெண்டிலேட்டரில் இருந்ததால் வரும் பி.பி.டி. எனப்படும் நாள்பட்ட நுரையீரல் நோய். இரண்டு, வாய்வழி வைத்த ட்யூப் நீண்ட நாள் உரசியதால் குரல்வளைக்குக் கீழே தழும்பேறிப் பாதை சுருங்குவது. மூன்று, மூச்சுக்குழாயின் குருத்தெலும்பு வலுவில்லாமல், மூச்சை வெளிவிடும்போது சுவர் உள்வாங்கிக்கொள்ளும் ட்ரக்கியோமலேசியா, சுருக்கமாக மலேசியா. பல குழந்தைகளுக்கு இவற்றில் இரண்டு சேர்ந்தே இருக்கும்.

மூன்றும் ட்யூப்பிடம் கேட்பது ஒன்றல்ல. பி.பி.டி. குழந்தைக்கு வெண்டிலேட்டரின் அழுத்தம் கசியாமல் நுரையீரலுக்குப் போய்ச் சேர வேண்டும். ட்யூப்பைச் சுற்றி உப்பி இடைவெளியை அடைக்கும் கஃப் பற்றி அங்கே யோசிக்கத்தான் வேண்டும். மேலே பாதை மட்டும் சுருங்கிய குழந்தைக்கு கஃப் இல்லாத ட்யூப்பே போதும். ஆனால் ட்யூப் கழன்றால் வாய் வழியாக மூச்சு விட அந்தக் குழந்தைக்கு வழியே இல்லை என்பதால், பட்டையிலும் அவசரப் பையிலும் இரட்டிப்புக் கவனம் தேவை. மலேசியா இருந்தால் நீளம்தான் பேச்சு. உள்வாங்கும் இடத்தைத் தாண்டி ட்யூப்பின் முனை நிற்கிறதா என்று மூச்சுக்குழாய்க்குள் விடும் பிராங்காஸ்கோப்பால் பார்த்தே முடிவு செய்ய வேண்டும்.

அளவு

அமெரிக்கன் தொராசிக் சொசைட்டி 2000-இல் வெளியிட்ட குழந்தை ட்ரக்கியாஸ்டமி வழிகாட்டல் 1000 கிராமுக்குக் குறைந்த குறைமாதக் குழந்தைக்கு 2.5, 1000 முதல் 2500 கிராம் வரை 3.0, பிறந்ததிலிருந்து ஆறு மாதம் வரை 3.0 அல்லது 3.5 என்று தொடக்கப் புள்ளி தருகிறது. ட்யூப்பின் முனை கழுத்துத் துளையிலிருந்து குறைந்தது 2 செ.மீ. உள்ளே போக வேண்டும். மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரியும் இடத்துக்கு 1 முதல் 2 செ.மீ.க்கு மேல் நெருங்கக்கூடாது என்றும் அது சொல்கிறது. நிறைமாதக் குழந்தைக்கே மூச்சுக்குழாய் மொத்தம் 4 செ.மீ. அளவுதான். குறைமாதத்தில் அதையும் விடக் குறைவு. அந்த இரண்டு நிபந்தனைகளுக்கும் நடுவே மிஞ்சுவது சில மில்லிமீட்டர் மட்டுமே. குழந்தை தாடையை மார்பில் புதைத்தால் முனை ஓர் இடத்தில் நிற்கும், தலையைப் பின்னால் சாய்த்தால் இன்னோர் இடத்தில்.

இங்கேதான் "நியோ" (பச்சிளங்குழந்தைக்கானது), "பீடியாட்ரிக்" (வளர்ந்த குழந்தைக்கானது) என்ற இரண்டு வார்த்தைகள் வேலைக்கு வருகின்றன. ஷைலி 3.0 நியோவின் நீளம் 30 மி.மீ., பிவோனா 3.0 நியோ 32 மி.மீ. அதே 3.0 பீடியாட்ரிக் என்றால் இரண்டு நிறுவனத்திலும் 39 மி.மீ. உள்விட்டம் ஒன்றேதான், நீளம் 7 முதல் 9 மி.மீ. கூடிவிடுகிறது. ஸ்டோரிலிருந்து "3.0 தான் வந்திருக்கிறது" என்று கொடுத்தனுப்புவதில் நடக்கும் மிக மோசமான குழப்பம் இதுதான். இரண்டு கிலோக் குழந்தைக்கு பீடியாட்ரிக் நீளம் போட்டால் முனை வலது நுரையீரலுக்குப் போகும் கிளைக்குள் நுழையக்கூடும். இடது பக்கம் காற்றே போகாது. பெட்டியைத் திறக்கும் முன் எண்ணோடு அந்த வார்த்தையையும் படிக்க வேண்டும்.

உள்விட்டத்தில் அரை மில்லிமீட்டர் எவ்வளவு பெரியது என்பதையும் சொல்லிவிடலாம். காற்று சீராக ஓடும்போது தடை, ஆரத்தின் நான்காம் அடுக்குக்குத் தலைகீழாக மாறும். 3.0-இலிருந்து 2.5-க்கு இறங்கினால் தடை சுமார் இரண்டு மடங்கு. இன்னொரு விதமாகப் பார்த்தால், 3.0 ட்யூப்பின் உட்சுவரில் கால் மில்லிமீட்டர் கனத்துக்குச் சளி காய்ந்து ஒட்டினாலே அந்தக் குழந்தை 2.5 ட்யூப்பில் மூச்சு விடுகிறது என்று அர்த்தம். பெரியவர்களின் ட்யூப்பில் இருப்பது போல் கழற்றிக் கழுவும் உள்குழாய் இந்த அளவுகளில் கிடையாது, வைக்க இடமில்லை. அடைத்துக்கொண்டால் முழு ட்யூப்பையும் மாற்றுவது தவிர வேறு வழி இல்லை.

ஷைலி நியோ

பிவிசி ட்யூப். அறை வெப்பத்தில் சற்று விறைப்பாக இருக்கும். உடல் சூட்டில் இளகி மூச்சுக்குழாயின் வளைவுக்கு ஒத்துப்போகும். இந்த விறைப்பு ட்யூப் மாற்றும் நேரத்தில் நல்ல குணம். நுழைக்க மட்டும் உதவி, பிறகு எடுத்துவிடும் தண்டான ஆப்ட்யூரேட்டரோடு சேர்த்து உள்ளே தள்ளும்போது துவளாமல் போகும். புதிதாகப் பழகும் கைகளுக்கு இது எளிது. உள்ளே உலோகக் கம்பி இல்லாததால் எம்.ஆர்.ஐ. எடுக்க வேண்டிய நாளில் பெரும்பாலும் இதைத்தான் தேடுகிறார்கள். கஃப் உள்ள வகையில் மட்டும் காற்று ஏற்றும் சிறு பலூனின் வால்வில் உலோக ஸ்பிரிங் இருக்கலாம். பெட்டியோடு வரும் தாளைப் பார்த்துக்கொள்ளவும்.

குறை என்றால், நாட்கள் போகப்போகப் பிவிசி விறைத்துக்கொண்டே வரும். அதன் மென்மைக்குக் காரணமான பொருள் மெல்ல வெளியேறுவதே காரணம். பல நாள் உள்ளே இருந்த ட்யூப்பை வெளியே எடுத்து, புதிய ட்யூப்போடு சேர்த்து இரண்டு விரலால் வளைத்துப் பாருங்கள். பழையது திரும்பி நிமிரும் வேகத்திலேயே வித்தியாசம் தெரியும். விறைத்த முனை முன்சுவரில் உரசும் இடத்தில் புண்ணும் சதை வளர்ச்சியும் வரும். இதைக் கொதிக்க வைப்பதும் ஆட்டோக்ளேவ் செய்வதும் கூடாது.

வெண்டிலேட்டர் இல்லாத, அல்லது தூங்கும்போது மட்டும் வெண்டிலேட்டர் போடும், கழுத்து ஓரளவு நீண்ட குழந்தைக்கு ஷைலி நியோ நம்பகமான தேர்வு. இருபத்துநாலு மணி நேரமும் வெண்டிலேட்டரில் இருக்கும் பி.பி.டி. குழந்தைக்கு இதை முதல் தேர்வாகச் சொல்ல மாட்டோம்.

பிவோனா நியோ

சிலிக்கான் ட்யூப், சுவருக்குள் சுருள் கம்பி. சிலிக்கான் என்பதால் மென்மை; கம்பி இருப்பதால் மடங்கி அடைத்துக்கொள்ளாது. தாடையும் மார்பும் கிட்டத்தட்ட ஒட்டிக்கொண்டிருக்கும் குறைமாதக் குழந்தையின் கழுத்துக்கு இந்தச் சேர்க்கை நன்றாகப் பொருந்துகிறது. கழுத்துத் தகடு நேராகவும் வருகிறது, வி வடிவிலும் வருகிறது. கழுத்து குறுகலான குழந்தைக்கு வி வடிவமே நல்லது. இறக்கைகள் தோள் பக்கம் உயர்ந்து போவதால் தாடையின் அடியிலும் காறையெலும்பிலும் இடிப்பது குறையும்.

இந்த வரிசையில் எங்களுக்கு மிகவும் பிடித்தது ஃபிளெக்ஸ்டெண்ட் என்ற வகை. சாதாரண ட்யூப்பில் வெண்டிலேட்டர் மாட்டும் 15 மி.மீ. முனை நேரே தகட்டின் மேல், அதாவது குழந்தையின் தாடைக்கு அடியிலேயே உட்கார்ந்திருக்கும். ஃபிளெக்ஸ்டெண்டில் தகட்டுக்கு வெளியே வளையக்கூடிய ஒரு நீட்சி இருக்கிறது. முனை தாடையை விட்டு மார்புப் பக்கம் தள்ளிப்போகிறது. விளைவை உடனே பார்க்கலாம். வெண்டிலேட்டரின் குழாயான சர்க்யூட்டைக் கழற்றி மாட்டும்போது துளை இழுபடுவதில்லை, தாடையின் எச்சில் முனைக்குள் வடிவதில்லை, தகட்டின் மேல் ஓரம் கழுத்து மடிப்பில் அழுந்துவதில்லை. பதிலுக்கு, விட்ட மூச்சே தங்கித் திரும்ப உள்ளே போகும் வீண் இடம் கொஞ்சம் கூடுகிறது. வெண்டிலேட்டரில் இருக்கும் குழந்தைக்கு அது பெரும்பாலும் பொருட்டல்ல. தானாக மூச்சு விடும் ஒன்றரைக் கிலோக் குழந்தைக்கு யோசித்துத்தான் போட வேண்டும்.

கொஞ்சம் பெரிதாகத் தோன்றாத இன்னொரு நல்ல விஷயம், பெட்டியில் வரும் பிரிப்பான் ஆப்பு. 15 மி.மீ. முனையும் சர்க்யூட்டும் இறுகிக்கொண்டால் கையால் முறுக்கி இழுப்பார்கள்; அந்த இழுப்பு நேரே மூச்சுக்குழாயில் போய் விழும். ஆப்பை நடுவில் நுழைத்தால் இரண்டும் நோகாமல் பிரியும். அதைத் தூக்கிப் போட்டுவிடாமல் படுக்கைத் தலைமாட்டில் கட்டித் தொங்கவிடுங்கள்.

குறைகள்: கம்பி உலோகம் என்பதால் எம்.ஆர்.ஐ. அறைக்குள் போகும் முன் மாற்றியாக வேண்டும். மென்மையாக இருப்பதால் ஆப்ட்யூரேட்டர் இல்லாமல் போடப் பார்த்தால் வளைந்து திரும்பும். சிலிக்கானை மறுபடி சுத்திகரித்துப் பயன்படுத்தலாம் என்பது உண்மை. ஆனால் எத்தனை முறை, எந்த முறையில் என்பது வகைக்கு வகை வேறு. கையேட்டில் உள்ளதைத் தாண்டக்கூடாது. ஒவ்வொரு முறையும் கழுவியபின் வெளிச்சத்தில் பிடித்து, சுவரில் கீறல், மஞ்சள் படலம், தகட்டில் வெடிப்பு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். தகட்டை இங்கே தனியாகச் சொல்லக் காரணம் உண்டு. தயாரிப்புக் குறையால் தகடு கிழியக்கூடும் என்று 2024-இல் பிவோனா ட்யூப்களில் சிலவற்றுக்கு அமெரிக்காவில் திரும்பப் பெறும் அறிவிப்பு வந்தது. பட்டை நுழையும் துளையின் இரு ஓரத்தையும் கட்டைவிரலால் மெல்ல இழுத்துப் பார்த்துவிட்டே புதிய ட்யூப்பைக்கூடப் போடுங்கள். 2022-இல் இதே ட்யூப்களுக்குத் தட்டுப்பாடும் வந்தது. அதனால் ஒரே வகையை நம்பி இருக்கும் குழந்தைக்கு, மாற்றாக எந்த ஷைலி அளவு பொருந்தும் என்பதை மருத்துவரிடம் முன்கூட்டியே கேட்டு எழுதி வைத்துக்கொள்வது அவசியம்.

ஷைலி, பிவோனா இரண்டுமே ஒரு ட்யூப்பைத் தொடர்ந்து 29 நாளுக்கு மேல் உள்ளே வைக்க வேண்டாம் என்கின்றன. சளி கெட்டியாக இருக்கும் குழந்தைக்கு வாரம் ஒரு முறை மாற்றுவதே வழக்கம்.

கஃப்

ஷைலியின் கஃப் காற்றால் நிரப்புவது. அழுத்தமானியை மாட்டி அளக்கலாம், 20 செ.மீ. நீர் அழுத்தத்தைத் தாண்டாமல் வைக்க வேண்டும். இந்த மென்மையான சளிச்சவ்வுக்கு அதற்கு மேல் போனால் இரத்த ஓட்டம் தடைப்படும்.

பிவோனாவின் டி.டி.எஸ். கஃப் வேறு மாதிரி. வெறுமையாக இருக்கும்போது ட்யூப்போடு ஒட்டிக் கிடக்கும். கஃப் இல்லாத ட்யூப் போலவே துளைக்குள் வழுக்கிப் போகும். பகலில் கஃப்பை வெறுமையாக்கி, இரவில் மட்டும் நிரப்பும் குழந்தைக்கு மிகவும் ஏற்றது. இதில் ஏற்ற வேண்டியது ஸ்டெரைல் வாட்டர். காற்று ஏற்றினால் சிலிக்கான் வழியாகக் கசிந்து சில மணி நேரத்தில் தளர்ந்துவிடும், வெண்டிலேட்டர் கசிவு அலாரம் அடிக்கும். சலைன் எனும் உப்புநீர் ஏற்றினால் உப்பு படிந்து மெல்லிய நிரப்புக் குழாயை அடைக்கும்; பிறகு கஃப்பை வெறுமையாக்க முடியாமல் ட்யூப் மாற்றுவதே ஆபத்தாகிவிடும். தண்ணீர் நிரப்பிய கஃப்பைக் காற்று அழுத்தமானியால் அளக்க முடியாது. கசிவு ஏற்கும் அளவுக்குக் குறையும் வரை சிறுகச்சிறுக ஏற்றி, அந்த அளவை மில்லியில் எழுதி வைக்கவும். ஒவ்வொரு முறையும் எவ்வளவு ஏற்றினோமோ அவ்வளவு திரும்ப வருகிறதா என்று பார்க்கவும். குறைந்தால் கஃப்பில் ஓட்டை.

பேச்சு வால்வு மாட்டும் குழந்தைக்கு கஃப் முழுவதும் வெறுமையாக இருக்க வேண்டும். அந்த வால்வு ஒருவழிப் பாதை. உள்ளே போன காற்று ட்யூப்பைச் சுற்றி மேலே ஏறித்தான் வெளியேற முடியும். கஃப் நிரம்பியிருந்தால் வெளியே வர வழியே இல்லை.

கழுத்துப் பட்டை

இத்தனை விலையுயர்ந்த ட்யூப்பைக் கழுத்தில் நிறுத்துவது ஒரு துணிப் பட்டை. ட்யூப் தானாகக் கழன்றுவிடுவது குறைமாதக் குழந்தைகளில் மரணத்துக்குக் காரணமாகும் பெரிய விபத்து. அதற்கு ட்யூப்பை விடப் பட்டையே அதிகம் பொறுப்பு.

வெல்க்ரோ பட்டை மென்மையானது, அகலமானது, மாற்றுவது சுலபம். ஆனால் சின்னக் கழுத்துக்கு நீளம் மிஞ்சும். மிஞ்சியதை மடித்துவிட்டால் அந்த மடிப்பு பின்கழுத்தில் புண் உண்டாக்கும். வெட்டினால் பிசிர் வெல்க்ரோவில் ஒட்டிப் பிடிமானம் குறையும். பச்சிளங்குழந்தை அளவையே கேட்டு வாங்குங்கள். எச்சிலிலும் வியர்வையிலும் நனைந்த வெல்க்ரோ பிடியாது. துவைத்துத் துவைத்துப் பயன்படுத்துவது வேண்டாம். கை ஓடத் தொடங்கிய குழந்தை அதைப் பிய்த்தெறியும். அந்த வயதில் பருத்தி நாடாவுக்கு மாறுவது நல்லது. நாடா அவிழாது, ஆனால் குறுகலாக இருப்பதால் தோலை அறுக்கும். அடியில் மெல்லிய ஃபோம் வைக்க வேண்டும்.

இறுக்கத்தைப் பார்ப்பது எப்படி என்பதில்தான் தவறு நடக்கிறது. குழந்தை மல்லாந்து, தோளுக்கு அடியில் துணிச்சுருள் வைத்திருக்கும்போது கழுத்து நீண்டிருக்கும். அந்த நிலையில் சரியாகத் தோன்றும் பட்டை, குழந்தையைத் தூக்கி உட்கார வைத்துத் தலை முன்னால் சாய்ந்ததும் தொளதொளக்கும். ஆகவே சுருளை எடுத்துவிட்டு, தலையை முன்னால் சாய்த்து, பட்டைக்கும் தோலுக்கும் நடுவே ஒரு விரல் மட்டும் நுழைகிறதா என்று பாருங்கள். எட்டு மணி நேரத்துக்கு ஒரு முறை தகட்டின் அடி, தாடை மடிப்பு, பின்கழுத்து மூன்றையும் பார்க்க வேண்டும். சிவப்பு அழுத்தினால் வெளுக்காமல் நின்றால் அது புண்ணின் தொடக்கம்; தகட்டுக்கு அடியில் மென்ஃபோம் டிரெஸ்ஸிங் வைத்து அன்றே மருத்துவரிடம் காட்டவும். பட்டை மாற்றும்போது இரண்டு பேர் வேண்டும். ஒருவர் தகட்டை விரலால் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். புதிய பட்டை இரு பக்கமும் கட்டி முடியும் வரை அந்த விரல் எடுக்கப்படக்கூடாது.

அறுவை முடிந்த முதல் வாரத்துக்கு இந்த எச்சரிக்கை இன்னும் கடுமையாகப் பொருந்தும். துளையிலிருந்து மூச்சுக்குழாய்க்குப் போகும் பாதை அப்போது உறுதிப்பட்டிருக்காது. ட்யூப் வெளியே வந்து மறுபடி போடும்போது மூச்சுக்குழாய்க்கு முன்னால் திசுவுக்குள் போய்விடலாம். இதற்காகத்தான் அறுவை மருத்துவர் மூச்சுக்குழாயில் வெட்டின் இரு ஓரமும் தையல் நூல் போட்டு, மார்பில் "வலது", "இடது" என்று எழுதி ஒட்டியிருப்பார். அவசரத்தில் அந்த இரண்டு நூல்களையும் மேல்நோக்கியும் வெளிப்பக்கமாகவும் மெல்ல இழுத்தால் துளை விரிந்து மேலே வரும். முதல் ட்யூப் மாற்றம், பொதுவாக 5 முதல் 7 நாளில், அறுவை மருத்துவரே செய்வது. நூல்களும் அப்போதுதான் வெளியே வரும்.

சக்ஷன் கதீட்டரும் மெஷினும்

கதீட்டர் அளவு ஃபிரெஞ்ச் கணக்கில் வரும். 3 ஃபிரெஞ்ச் என்பது 1 மி.மீ. 6 எண் கதீட்டர் 2 மி.மீ. கனம், 3.0 ட்யூப்பின் குறுக்குப் பரப்பில் 44 சதவீதத்தை அடைக்கும். 8 எண் கிட்டத்தட்ட 2.7 மி.மீ.; 79 சதவீதத்தை அடைக்கும். பெரிய கதீட்டர் சளியை நன்றாக இழுக்கும் என்பது உண்மை. ஆனால் பக்கத்தில் காற்று நுழைய வழியில்லாமல் நுரையீரலையும் சேர்த்து உறிஞ்சும். மோசமான பி.பி.டி. உள்ள குழந்தைக்கு ஆக்ஸிஜன் அளவு சட்டென்று விழுவதற்கு இது ஒரு காரணம். 3.0 ட்யூப்புக்கு 6 அல்லது கிடைத்தால் 7, 3.5-க்கும் 4.0-க்கும் 8 என்பது எங்கள் பரிந்துரை.

ஆழம்தான் இதில் உயிர்நாடி. தடை தட்டும் வரை கதீட்டரை விடும் பழக்கம் இன்னும் பல இடங்களில் இருக்கிறது. தட்டும் இடம் மூச்சுக்குழாய் பிரியும் முனை. தினம் பத்துப் பதினைந்து முறை அங்கே குத்தினால் இரத்தம் கசியும், சதை வளரும், ட்யூப்பின் வாயையே அது மூடும். அளந்து போடுங்கள். அதே வகை, அதே அளவு உதிரி ட்யூப்பை மேசையில் வைத்து, 15 மி.மீ. முனையின் வாய் வழியாகக் கதீட்டரை விடுங்கள். கதீட்டர் நுனியில் உள்ள பக்கத் துளைகள் ட்யூப்பைத் தாண்டி வெளியே தெரிந்ததும் நிறுத்தி, முனையின் வாயருகே கதீட்டரில் எந்தக் கோடு நிற்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பெட்டியில் அச்சிட்ட 30 அல்லது 32 மி.மீ. தகட்டிலிருந்து தொடங்கும் அளவு. வெளியே உள்ள 15 மி.மீ. முனையின் நீளம் அதில் சேராது. ஃபிளெக்ஸ்டெண்டில் நீட்சியும் சேராது. அந்த எண்ணை மட்டும் நம்பினால் கதீட்டர் ட்யூப்புக்குள்ளேயே நின்றுவிடும், சளி ட்யூப்பின் உள்முனையில் தங்கிக் காயும்.

ஒரு முறை 5 விநாடிக்குள். விரல்களுக்கு நடுவே கதீட்டரை உருட்டிக்கொண்டே எடுத்தால் பக்கத் துளைகள் சுவர் முழுவதும் தடவும். சலைன் விடுவதை வழக்கமாக்க வேண்டாம்.

மெஷினில் அழுத்தம் 80 முதல் 100 மி.மீ. பாதரசம். அதைக் குழாயின் வாயை விரலால் மூடிக்கொண்டு பார்க்க வேண்டும். திறந்திருக்கும்போது முள் காட்டுவது கணக்கில்லை. "மெஷின் ஓடுகிறது, இழுக்கவில்லை" என்றால் முதலில் பாட்டிலின் மூடியைப் பாருங்கள், பெரும்பாலும் சரியாக அமர்ந்திருக்காது. அடுத்து வடிகட்டி, பாட்டில் நிரம்பி அது நனைந்துவிட்டால் காற்று போகாது. பேட்டரியில் ஓடும் மெஷினையே வாங்குங்கள். மாதம் ஒரு முறை மின் இணைப்பைக் கழற்றி எவ்வளவு நேரம் ஓடுகிறது என்று பாருங்கள். அதற்கும் மேல் காலால் மிதிக்கும் பம்ப் ஒன்று வீட்டில் இருக்கட்டும்.

ஈரப்பதம்

மூக்கு செய்யும் வேலையை ட்ரக்கியாஸ்டமி பறித்துவிடுகிறது. எச்.எம்.இ. என்ற சிறு தொப்பி, வெளியேறும் மூச்சின் ஈரத்தைப் பிடித்து வைத்துத் திருப்பித் தரும். சிறியது, மின்சாரம் வேண்டாம், வெளியே போக வசதி. ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள்: 2 கிலோக் குழந்தை ஒரு மூச்சுக்கு கிலோவுக்கு 5 மில்லி வீதம் 10 மில்லி இழுக்கிறது என்றால், தொப்பியின் வீண் இடம் 2 மில்லியாக இருந்தாலே ஐந்தில் ஒரு பங்கு காற்று வீணாகத் திரும்பி வருகிறது. அந்த எடையில் எச்.எம்.இ.யை நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம். சூடாக்கும் ஹியுமிடிஃபயர், 37 டிகிரியில் லிட்டருக்கு 44 மில்லிகிராம் நீராவி தருவது, அதுவே சரி. குழந்தை வளர்ந்தபின், பச்சிளங்குழந்தைக்கென்றே குறிப்பிட்ட எச்.எம்.இ.யைப் பகலில் சில மணி நேரம் மட்டும் போட்டுத் தொடங்கலாம். சளியில் நனைந்ததும் தூக்கி எறிய வேண்டும். நெபுலைசர் கொடுக்கும்போது கழற்றிவிட வேண்டும். மருந்தைக் குடித்து அதுவே அடைத்துக்கொள்ளும். ஹியுமிடிஃபயரோடு சேர்த்துப் போடவே கூடாது.

ஹியுமிடிஃபயர் குழந்தையை விடத் தாழ்வாக இருக்கட்டும். குழாயில் தேங்கும் நீரைக் குழந்தைப் பக்கம் சாய்த்து வடிக்காதீர்கள்.

அவசரப் பை

குழந்தை எந்த அறைக்குப் போனாலும் கூடவே போக வேண்டியது. அதே அளவு ட்யூப் ஒன்று பட்டை கோர்த்துத் தயாராக; அரை அளவு சிறிய ட்யூப் ஒன்று; நுனி மழுங்கிய கத்தரி; தண்ணீரில் கரையும் ஜெல்; அளவு குறித்த கதீட்டர்கள்; கையால் அழுத்திக் காற்று கொடுக்கும் ஆம்பு பை, முகத்துக்கு ஒரு மாஸ்க், துளைக்கு வட்டமான சிறு மாஸ்க்.

2.5 ட்யூப் போட்ட குழந்தைக்கு இங்கே ஒரு சிக்கல் வருகிறது. இந்த இரண்டு வரிசையிலும் அதற்குக் கீழே அளவு இல்லை. ஆகவே வாய்வழி வைக்கும் வகையான 2.5 எண்டோட்ரக்கியல் ட்யூப் ஒன்றை வையுங்கள். உள்விட்டம் அதேதான், ஆனால் சுவர் மெல்லியது, வெளிவிட்டம் ட்ரக்கியாஸ்டமி ட்யூப்பை விடக் குறைவு, சுருங்கிய துளைக்குள்ளும் போகும். நீளம் அதிகம் என்பதால், ட்ரக்கியாஸ்டமி ட்யூப்பின் நீளத்தை அதன் மேல் முன்கூட்டியே பேனாவால் குறித்து வைக்க வேண்டும். குறிக்காமல் போட்டால் பதற்றத்தில் ஆழமாகப் போய்விடும்.

ஆக்ஸிஜன் விழுந்து, மார்பு ஏறவில்லை என்றால் வரிசை இது: உதவிக்குக் கூப்பிடுங்கள், ஆக்ஸிஜன் கொடுங்கள், எச்.எம்.இ. அல்லது வால்வு இருந்தால் கழற்றுங்கள், கதீட்டரை விட்டுப் பாருங்கள். அளவு வரை தடையின்றிப் போனால் சக்ஷன் செய்யுங்கள். போகவில்லை என்றால் யோசித்து நிற்க வேண்டாம், ட்யூப்பை மாற்றுங்கள். அதே அளவு நுழையவில்லையா, சிறியது. அதுவும் இல்லையா, சிறிய ட்யூப்பின் உள்ளே கதீட்டரை விட்டு, கதீட்டரை முதலில் துளைக்குள் நுழைத்து அதன் மேல் ட்யூப்பை வழுக்கி இறக்குங்கள். எதுவும் நடக்கவில்லை என்றால், மேல்பாதை திறந்திருக்கும் குழந்தைக்குத் துளையை விரலால் மூடி, வாய் மூக்கின் மேல் மாஸ்க் வைத்துக் காற்று கொடுங்கள். மேல்பாதை அடைபட்ட குழந்தைக்கு அது பயன்படாது. துளையின் மேல் சிறு மாஸ்க் வைத்துத்தான் கொடுக்க வேண்டும். உங்கள் குழந்தை இந்த இரண்டில் எது என்பதைப் படுக்கைத் தலைமாட்டு அட்டையில் பெரிய எழுத்தில் எழுதியிருக்க வேண்டும். அது எழுதாத அட்டையோடு வீட்டுக்கு அனுப்புவதை ஏற்காதீர்கள்.

எதை எடுப்பது

இரவு பகல் வெண்டிலேட்டரில் இருக்கும், கழுத்தே தெரியாத பி.பி.டி. குழந்தைக்கு பிவோனா ஃபிளெக்ஸ்டெண்ட், வி தகடு, தேவைப்பட்டால் டி.டி.எஸ். கஃப். மேல்பாதைச் சுருக்கம் மட்டும் உள்ள, தானாக மூச்சு விடும் குழந்தைக்கு கஃப் இல்லாத ஷைலி நியோ. மலேசியா உள்ள குழந்தைக்குப் பெட்டி அளவுகள் எதுவுமே பொருந்தாமல் போகலாம். நீளம் சொல்லிச் செய்யும் தனி ட்யூப்பை மருத்துவரிடம் கேளுங்கள், வந்து சேர வாரங்கள் ஆகும். எடை ஏற ஏற நியோ நீளம் போதாமல் போகும். ட்யூப் அடிக்கடி கழன்று வருவது, தலையைச் சாய்த்தால் கசிவு கூடுவது இரண்டும் அதன் அடையாளம். அப்போது விட்டத்தை ஏற்றும் முன் அதே 3.0-இல் பீடியாட்ரிக் நீளம் போதுமா என்று முதலில் பார்க்கச் சொல்லுங்கள்.

ஒரு நிறுவனத்திலிருந்து இன்னொன்றுக்கு, அல்லது ஒரு நீளத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறும் நாளில் சக்ஷன் அளவு, அவசரப் பையின் இரண்டு ட்யூப்கள், எண்டோட்ரக்கியல் ட்யூப்பில் போட்ட பேனாக் குறி, கஃப்பில் ஏற்றும் மில்லி, படுக்கை அட்டை எல்லாவற்றையும் அதே வேளையில் மாற்றி எழுதிவிடுங்கள். பழைய ட்யூப்பின் சக்ஷன் அளவு சுவரில் ஒட்டியபடியே இருந்தால், இரவில் வரும் செவிலியர் அதைப் பார்த்துத்தான் கதீட்டரை விடுவார்.